கன்னியம்மா ஒளித்து வைத்த பிள்ளை

கீழ்க்கட்டளையில் ஏரிக்குப் போகிற வழியில் உள்ள அங்கன்வாடிக்குக் கன்னியம்மா வேலைக்கு வந்து பத்தொன்பது வருஷம் ஆகிறது. அரசாங்கத்துக் காகிதத்தில் அவள் உதவியாளர். பிள்ளைகளுக்கு ஆயா. கூட்டுவது, சமைப்பது, மூக்கைத் துடைப்பது, சண்டையை விலக்குவது, தூங்க வைப்பது எல்லாம் அவள்தான். இதுவரை மூன்று டீச்சர் மாறிப் போய்விட்டார்கள். இப்போது இருப்பது தீபலட்சுமி டீச்சர், நல்ல மாதிரி.

கன்னியம்மாவுக்கு ஒரு பெருமை உண்டு என்றால் அது காலை ஜெபம்தான். மணி பத்தானதும் நடு ஹாலில் நின்று, "கண்ண மூடு!" என்பாள். அவ்வளவுதான். அத்தனை பிள்ளைகளும் இரண்டு கண்ணையும் இறுக மூடி, கையைக் கூப்பிவிடும். "சாமி, எங்களுக்கு நல்ல புத்தி குடு. வயிறு நெறைய சோறு குடு. ரோட்ல லாரி வந்தா நீயே பாத்துக்கோ" என்று அவள் சொல்ல, பிள்ளைகள் திருப்பிச் சொல்லும். எந்தச் சாமி என்று கேட்கக் கூடாது. அம்மன் வீட்டுப் பிள்ளையும் இருக்கிறது, மாதா கோயில் பிள்ளையும் இருக்கிறது. யாருக்குக் காது கேட்கிறதோ அவர் எடுத்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டாள். "போதும், சாமி பாத்துட்டாரு" என்று அவள் சொல்கிற வரைக்கும் ஒரு பிள்ளை கண்ணைத் திறக்காது.

அப்படிப்பட்ட இடத்தில் கனகவல்லி வந்து சேர்ந்தாள். வயது நாலு நிறையவில்லை. பேருக்கும் ஆளுக்கும் சம்பந்தமில்லாமல் ஒரு சாண் உயரம். அப்பா சுகுமார் ஷேர் ஆட்டோ ஓட்டுகிறவன், அம்மா தாம்பரம் பக்கம் துணி கம்பெனியில் தையல் வேலை. பிள்ளை நல்ல பிள்ளை. சாப்பிடும், தூங்கும், யாரையும் கடிக்காது. ஒரே ஒரு கெட்ட பழக்கம்தான் இருந்தது. கண்ணடிக்கும்.

சும்மா இல்லை, பெரிய மனுஷர்கள் கண்ணடிக்கிற மாதிரி, ஒரு கண்ணை நறுக்கென்று மூடி, வாயை லேசாகக் கோணி, ஒரு சிரிப்பும் சேர்த்து. கேஸ் சிலிண்டர் போடுகிறவரைப் பார்த்துக் கண்ணடித்தாள். கோயில் வாசலில் தீர்த்தம் கொடுத்த குருக்களைப் பார்த்துக் கண்ணடித்தாள். அவர் உத்தரணிக் கரண்டியைச் சொம்புக்குள் போட்டுவிட்டு எடுக்க முடியாமல் தவித்தார். பல்லாவரம் சிக்னலில் அப்பாவின் ஆட்டோவில் உட்கார்ந்துகொண்டு டிராபிக் போலீஸ்காரரைப் பார்த்து அடித்தாளே, அதுதான் பெரிய வம்பாகிவிட்டது. "யார்யா கொழந்தைக்கு இதெல்லாம் கத்துக் குடுத்தது?" என்று அவர் வண்டியை ஓரம் கட்டச் சொல்லி, அரை மணி நேரம் எல்லாப் பேப்பரையும் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

மறுநாள் சுகுமார் அங்கன்வாடி வாசலில் நின்றான்.

"ஆயா, இன்னொரு தபா யாராச்சும் கம்ப்ளைண்ட்டுன்னு வந்தாங்க, அவ்ளோதான். கோவளத்துல எங்கக்கா கீதுல்ல, மீன் விக்கிறது, அங்க இட்டுனு போயி வுட்ருவேன். அதுங்கிட்ட ரெண்டு வாங்குனா தானா அடங்கும்."

"அய்யோ, பச்சப் புள்ளடா! இன்னா தெரியும் அதுக்கு?"

"தெரியாமலா ஆயா போலீஸைப் பாத்துக் கண்ணடிக்குது?"



அன்றிலிருந்து அவளுக்கு அந்தப் பிள்ளை நினைப்பாகவே ஆகிவிட்டது. அந்த அக்காவை அவளுக்குத் தெரியும். வாயைத் திறந்தால் கோவளத்தில் பேசுவது கேளம்பாக்கத்தில் கேட்கும். அவளிடம் போனால் இந்தப் பூஞ்சைக் குழந்தை என்ன ஆகும்? வெள்ளிக்கிழமை உப்பு மிளகாய் சுற்றிப் போட்டாள். மடியில் உட்கார வைத்துப் புத்தி சொன்னாள்.

"இங்க பாரு கனகா. கண்ணு ரெண்டும் அக்கா தங்கச்சி. மூடுனா ரெண்டையும் மூடணும். ஒண்ண மட்டும் மூடுனா இன்னொண்ணு அழுவும். செரியா?"

"செரி ஆயா" என்பாள் கனகா. வாசலுக்குப் போவாள். அங்கே நின்று திரும்பிக் கண்ணடிப்பாள்.

தினமும் சாயங்காலம் வீட்டுக்குப் போகிற வழியில் அம்மன் கோயிலில் நின்று கன்னியம்மா ஒரே வேண்டுதலைத்தான் வைத்தாள். "தாயே, இந்தக் குட்டி கண்ணடிக்கிறத நிறுத்து. வேற எதுவும் வாணாம்."

அம்மன் கேட்டுக்கொண்டதாகத் தெரியவில்லை. தொற்று வியாதி மாதிரி அது மற்றப் பிள்ளைகளுக்கும் பரவியதுதான் மிச்சம். எதிர் வீட்டு லோகநாயகி தன் மகன் நிகிலைக் காதைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தாள்.

"அக்கா, இந்த அநியாயத்தக் கேளு. எங்க மாமியாரப் பாத்து இவன் கண்ணடிச்சுட்டான்! ஆறு மாசமா எங்கூடப் பேசாத பொம்பள, இதுக்குன்னே போன் போட்டு ஒரு மணி நேரம் பேசுச்சு. எல்லாம் அந்தக் கனகா கத்துக் குடுத்தது. நான் டீச்சராண்ட எழுதிக் குடுக்கப் போறேன்."

"லோகு, லோகு, எழுதாதம்மா. நான் பாத்துக்கறேன். அவங்க அப்பன் காதுக்குப் போச்சுன்னா புள்ளைய அனுப்பிடுவான்."

"எத்தினி நாளைக்குப் பாத்துப்ப?"

இந்த நேரத்தில்தான் தீபலட்சுமி டீச்சர் ஒரு சேதி சொன்னாள். "ஆயா, வியாழக்கிழமை சின்னப் பிள்ளைங்களுக்குக் கண் பரிசோதனை பண்ண வராங்க. ஒவ்வொரு பிள்ளையைப் பத்தியும் எழுதி எடுத்துட்டுப் போவாங்க. பிள்ளைங்க ஒழுங்கா இருக்கணும். பேர் கெட்டுடக் கூடாது."

எழுதி எடுத்துட்டுப் போவாங்க. கன்னியம்மாவுக்கு அந்த ஒரு வார்த்தைதான் காதில் நின்றது. லோகநாயகி எழுதுவதையே தடுக்கப் படாத பாடு படுகிறாள். இவர்கள் அரசாங்கத்துப் பேப்பரிலேயே எழுதிவிட்டால்?

வியாழக்கிழமை வந்தது. டீச்சர் காலையில் பதினேழு பேருக்கும் வருகை போட்டாள். வாசலில் வண்டி நிற்கிற சத்தம் கேட்டதும், கன்னியம்மா கனகாவை இடுப்பில் தூக்கிக்கொண்டு பின்பக்கம் போனாள். சத்துமாவுப் பாக்கெட் அடுக்கி வைக்கிற சின்ன அறை ஒன்று அங்கே உண்டு.

"கனகா, நாம ஒளிஞ்சு வெளையாடப் போறோம். நீ இங்க குந்து. சத்தமே போடக் கூடாது. ஆயா வந்து கண்டுபிடிக்கறேன்."

"எத்தினி எண்ணுவ?"

"நூறு."

"நூறு எவ்ளோ?"

"ரொம்ப" என்று சொல்லி, கையில் இரண்டு பிஸ்கட்டைக் கொடுத்துவிட்டுக் கதவைச் சாத்தினாள். பொய் சொல்லிப் பழக்கமில்லாத மனுஷி.  கன்னத்தில் போட்டுக்கொண்டு ஹாலுக்கு வந்தாள்.

வந்திருந்தது இரண்டு பெண்கள். பெரியவள் பேர் ஸ்ரீவித்யா, கண்ணாடி போட்ட சிரித்த முகம். இன்னொருத்தி எழுதுகிறவள். சுவரில் ஓர் அட்டையை மாட்டினார்கள். படிக்கத் தெரியாத பிள்ளைகளுக்கான அட்டை அது. வட்டம், சதுரம், வீடு, ஆப்பிள் என்று நாலே படம். மேல் வரிசையில் பெரிதாக, கீழே வர வரக் கடுகு மாதிரி. கயிறு பிடித்துத் தூரம் அளந்து, தரையில் சாக்பீஸால் கோடு போட்டார்கள். ஒரு கண்ணை மறைத்துக்கொண்டு, கோட்டில் நின்று படத்தின் பேரைச் சொல்ல வேண்டும். பிறகு மறு கண்.

ஸ்ரீவித்யா குனிந்து, இனிமையாகச் சொன்னாள். "குட்டீஸ், எல்லாரும் ஒரு கண்ணை மூடுங்க பாக்கலாம்!"

மூடு என்கிற வார்த்தை காதில் விழுந்ததுதான் தாமதம். பதினாறு பிள்ளைகளும் இரண்டு கண்ணையும் இறுக மூடிக் கையைக் கூப்பின. ஹாலே அமைதியாகிவிட்டது. ஸ்ரீவித்யா காத்திருந்தாள். பிள்ளைகளும் காத்திருந்தன. மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது.

"என்ன டீச்சர், தூங்கிட்டாங்களா?"

கன்னியம்மா தலையைக் குனிந்துகொண்டு, "போதும், சாமி பாத்துட்டாரு" என்றாள். பதினாறு பிள்ளைகளும் கண்ணைத் திறந்தன.

இரண்டாம் தடவையும் அதேதான். மூன்றாம் தடவை இரண்டு பிள்ளைகள் "ரோட்ல லாரி வந்தா நீயே பாத்துக்கோ" வரைக்கும் போய்விட்டன. கடைசியில் ஸ்ரீவித்யா பையிலிருந்து ஒரு பக்கம் அடைத்த பிளாஸ்டிக் கண்ணாடி ஒன்றை எடுத்து மாட்டிவிட்டாள். அதை மாட்டிக்கொள்ளப் பிள்ளைகள் அடித்துக்கொண்டன.

வட்டத்தைக் காட்டினால் "தோசை" என்றது முதல் பிள்ளை. சதுரம் டிவி. வீடு வூடு. ஆப்பிளைப் பார்த்து ஒன்று மாங்காய் என்றது, ஒன்று கொழுக்கட்டை என்றது.

"ஆப்பிள்னு சொல்லு, தங்கம்" என்று டீச்சர் பதறினாள்.

"பரவாயில்ல டீச்சர். என்ன பேர் வேணா சொல்லட்டும். கண்ணுக்குத் தெரியுதான்னுதானே பாக்கறோம்" என்றாள் ஸ்ரீவித்யா. பத்துப் பிள்ளைகள் முடிவதற்குள் அவளே "தோசை எங்க? கொழுக்கட்டை எங்க?" என்று கேட்க ஆரம்பித்துவிட்டாள்.

பதினாறு முடிந்தது. எழுதுகிறவள் வருகைப் பதிவேட்டைப் பார்த்தாள். "டீச்சர், இதுல பதினேழுன்னு இருக்கே?"

"ஆமா, கனகவல்லி. ஆயா, கனகா எங்க? காலையில பாத்தேனே!"

 பொய் சொன்னால் சாமி குத்தம். நிஜம் சொன்னால் பிள்ளை கோவளம். "இங்கதான்... எங்கியோ கீது" என்றாள். அது நிஜம்தானே?

உள்ளே கனகாவுக்குப் பிஸ்கட் தீர்ந்து வெகுநேரம் ஆகியிருந்தது. நூறு எவ்வளவு என்று தெரியாவிட்டாலும், அது எப்போதோ முடிந்துவிட்டது என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. பின்கதவைத் தள்ளிக்கொண்டு முற்றத்தில் இறங்கி, சுற்றிக்கொண்டு முன்வாசலுக்கு வந்தாள். பதினொரு மணி வெயில் நேராக முகத்தில் அடித்தது.

"யாருமே கண்டுபிடிக்கல! எல்லாரும் அவுட்டு!" என்று கத்தினாள். கத்திவிட்டு ஸ்ரீவித்யாவைப் பார்த்து, நறுக்கென்று ஒரு கண்ணடி அடித்தாள்.

கன்னியம்மா ஓடிப்போய்க் குறுக்கே நின்றாள். "அம்மா, கோச்சுக்காதீங்க! உங்கள மட்டும் பாத்து அடிக்கல. எல்லாரையும் பாத்து அடிக்கும். மத்தபடி தங்கமான புள்ள!"

ஸ்ரீவித்யா சிரிக்கவில்லை, கோபிக்கவும் இல்லை. "எல்லாரையும் பாத்தா?" என்றாள். பக்கத்தில் இருந்தவளிடம், "எழுதிக்கோ" என்றாள்.

"எழுதாதீங்கம்மா!"

"எழுதணும்மா. யார் யாரைப் பாத்து? சொல்லுங்க."

"ஒருத்தரு ரெண்டு பேருதான்..."

ஜன்னலுக்கு வெளியே தன் மகனுக்குப் பரிசோதனை எப்படிப் போகிறது என்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த லோகநாயகிக்கு இதைக் கேட்டுப் பொறுக்கவில்லை.

"ரெண்டு பேரா? இன்னாக்கா இப்டி முழுங்குற! மேடம், நான் சொல்றேன், எழுதுங்க. தண்ணி லாரியாண்ட குடத்தோட நிக்கிறேன், என்னப் பாத்து அடிச்சுது. சிலிண்டர்காரரு, குருக்களு, டிராபிக் போலீசு!"

"தண்ணி லாரி நின்னது வெயில்லயா, நிழல்லயா?"

"மண்டை பொளக்குற வெயிலு மேடம்."

"குருக்கள் கோயிலுக்கு உள்ளயா?"

"வாசல்ல. உள்ள போனப்புறம் ஒழுங்காதான் கும்புட்டுது" என்றாள் கன்னியம்மா, பிள்ளைக்கு ஒரு நல்ல வார்த்தையாவது சேரட்டும் என்று.

"போலீஸ்காரர்?"

"சிக்னல்ல. மத்தியானம்."

"எந்தக் கண்ணு?"

லோகநாயகி மேலே பார்த்து யோசித்தாள். தண்ணி லாரி, கோயில் வாசல், அங்கன்வாடி வாசல் என்று தான் பார்த்த இடங்களுக்கெல்லாம் விரலை மடக்கினாள். "லெஃப்டு மேடம். எப்பவும் லெஃப்டுதான்." சொல்லும்போதே அவள் குரல் இறங்கிவிட்டது.

"இன்னும் ஏதாவது கவனிச்சிருக்கீங்களா, ஆயா?"

கன்னியம்மா தயங்கினாள். "மத்தியானத்துல அந்தக் கண்ணு அப்டியே ஓரமாப் போவும்மா. தூக்கம் வருதுன்னு படுக்க வெச்சுடுவேன்."

ஸ்ரீவித்யா கனகாவைக் கோட்டில் நிறுத்தினாள். முதலில் இடது கண்ணை அடைத்தாள். கனகா தோசை, டிவி, வூடு, மாங்கா என்று கடைசி வரிசை வரைக்கும் ஒப்பித்தாள். பிறகு கண்ணாடியைத் திருப்பி மாட்டி வலது கண்ணை அடைத்தாள். கனகா ஒரு கணம் சும்மா நின்றாள். கையை நீட்டிக் காற்றைத் தடவினாள். பிறகு கண்ணாடியைப் பிய்த்து எறிந்துவிட்டு அழ ஆரம்பித்தாள்.

"வாணாம்! கரண்ட்டு போயிடுச்சு! ஆயா, கரண்ட்டு போயிடுச்சு!"

கன்னியம்மா பிள்ளையை வாரித் தூக்கிக்கொண்டாள்.

"பயப்படாதீங்க" என்றாள் ஸ்ரீவித்யா. "ஆஸ்பத்திரியில டாக்டர் பாத்துதான் முடிவா சொல்லணும். எனக்குப் படறதைச் சொல்றேன். இவளுக்கு இடது கண்ணு அப்பப்ப வெளிப்பக்கம் விலகிப் போகுது. வெயில்ல கூச்சம் தாங்காம அதை மூடிக்கறா. கண்ணடிக்கல. அந்தக் கண்ணை மூளை சரியா உபயோகிக்காததால அதுல பார்வை கம்மியா இருக்கு. சின்ன வயசு, இப்பவே ஆரம்பிச்சா நல்லா தேற வாய்ப்பு இருக்கு. ஏழெட்டு வயசுக்கு மேல தெரிஞ்சா கஷ்டம்."

 லோகநாயகி ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு மெதுவாகக் கேட்டாள். "அப்ப எம் பையனுக்கும் அதே வியாதியா மேடம்? அவனும்தான் கண்ணடிக்கிறான்."

"நிகிலுக்கு ரெண்டு கண்ணும் பிரமாதம். அவன் நிஜமாவே கண்ணடிக்கறான்."

டீச்சர் போன் போட்டுச் சுகுமாரை வரச் சொல்லியிருந்தாள். என்ன ஏது என்று கேட்காமலே அவன் வண்டியை எடுத்துக்கொண்டு வந்துவிட்டான். "யாரு ஆயா? இப்ப யாரப் பாத்து? போதும், துணியெல்லாம் மூட்ட கட்டச் சொல்லிட்டேன், இன்னிக்கே கோவளம்..."

"வாய மூட்றா!" என்றாள் கன்னியம்மா. பத்தொன்பது வருஷத்தில் அந்தக் கட்டடத்துக்குள் அவள் அப்படிப் பேசியதே இல்லை. சில பிள்ளைகள் பழக்க தோஷத்தில் கண்ணை மூடிக்கொண்டன.

ஸ்ரீவித்யா எல்லாவற்றையும் மறுபடி சொன்னாள். சுகுமார் பிள்ளைகள் உட்காருகிற குட்டி நாற்காலியில் உட்கார்ந்துவிட்டான். முட்டி இரண்டும் காதைத் தொட்டது.

"அப்ப என்னப் பாத்துக் கண்ணடிச்சதும் அதானா மேடம்?"

"ஆமா சார்."

"நான் திரும்ப அடிச்சனே மேடம்! டெய்லி, வண்டிய நிறுத்துறப்ப. எங்கப்பன மாதிரி குறும்புன்னு உள்ளுக்குள்ள ஒரே சந்தோஷம். வெளிய ஆளுங்களாண்ட அடிச்சப்பதான் கோவம் வந்துச்சு." அவன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். கனகா ஆயாவின் தோளிலிருந்தபடி அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அன்று சாயங்காலம் அம்மன் சந்நிதியில் கன்னியம்மாவுக்கு என்ன வேண்டுவது என்றே தெரியவில்லை. "நிறுத்து நிறுத்துன்னு தெனம் வந்து நச்சரிச்சேனே தாயி. நீ மட்டும் எம் பேச்சக் கேட்டு நிறுத்தி இருந்தியானா..." என்று சொன்னாள்.  அந்தப் பிள்ளை கண்ணடிக்காமல் ஒழுங்காக இருந்திருந்தால், ஒளித்து வைத்த இடத்தில் சத்தம் போடாமல் உட்கார்ந்திருந்தால், யாருக்குத் தெரிந்திருக்கும்? நெடுநேரம் கையைக் கூப்பியபடி நின்றுவிட்டு வீட்டுக்குப் போனாள்.

தாம்பரம் ஆஸ்பத்திரிக்குச் சுகுமாரோடு கன்னியம்மாவும் போனாள். "நீங்க யாரும்மா? சொந்தமா?" என்று டாக்டர் கேட்டார். "அங்கன்வாடி ஆயாங்க. இவ யார் யாரப் பாத்துக் கண்ணடிச்சான்னு எல்லாம் எனக்குத்தான் தெரியும்" என்றாள். டாக்டர் ஸ்ரீவித்யா சொன்னதையேதான் சொன்னார். கனகாவுக்குக் கண்ணாடி எழுதினார். அதோடு தினமும் இரண்டு மணி நேரம் நல்ல கண்ணின் மேல் ஒட்டுப் போட்டு மூட வேண்டும், அப்போதுதான் சோம்பேறிக் கண் வேலை செய்யும், அந்த நேரத்தில் பிள்ளைக்குக் கிட்டத்தில் பார்த்துச் செய்கிற வேலை ஏதாவது கொடுக்க வேண்டும் என்றார். பார்வை தேறியதும் விலகுகிற கண்ணுக்கு என்ன செய்வது என்று பார்க்கலாம் என்றும் சொன்னார்.

 திரும்பி வரும்போது, மேடவாக்கம் தாண்டியதும் சுகுமார் ஆட்டோவின் வேகத்தைக் குறைத்தான்.

"கோவளத்து அக்கா வெடிகாலையில கெளம்புனா மீன் வித்துட்டு வரப் பொழுது சாஞ்சுடும். அது எங்க ஒட்டுப் போட்டுக் குந்தி இருக்கப் போவுது? இவ அம்மாவுக்கும் கம்பெனி. ஆயா... உன்னால முடியுமா?"

"பத்துலேருந்து பன்னெண்டு" என்றாள் கன்னியம்மா. எப்போதோ முடிவு பண்ணி வைத்திருந்தவள் மாதிரி.

சொல்வது சுலபம். முதல் நாள் ஒட்டைப் போட்டதும் கனகா கூரை பிய்ந்துபோகிற மாதிரி கத்தினாள். இரண்டாம் நாள் ஒட்டைப் பிய்த்து நிகில் நெற்றியில் ஒட்டிவிட்டாள். மூன்றாம் நாள் கன்னியம்மா முறத்தில் பச்சைப்பயறைக் கொட்டி எதிரில் வைத்தாள். "கிட்டத்துல பாத்துப் பண்ற வேலன்னு டாக்டர் சொன்னாரு. கல்லுப் பொறுக்கு." கனகா முறத்தை மூக்குக்கு அருகில் இழுத்து வைத்துக்கொண்டு, பயறையெல்லாம் கல் என்று எறிந்தாள், கல்லை முறத்திலேயே விட்டாள். அன்றைக்குச் சுண்டல் சாப்பிட்ட டீச்சருக்குப் பல் வலி.

ஆனாலும் கன்னியம்மா விடவில்லை. தினமும் முறம், தினமும் பயறு. மூக்கிலிருந்து முறம் கொஞ்சம் கொஞ்சமாக மடிக்கு இறங்கியது. அழுகை முனகலானது, முனகல் பாட்டானது.

ஒன்றரை மாதம் கழித்து ஒரு செவ்வாய்க்கிழமை, கன்னியம்மா பயறை முழுக்கச் சலித்துப் பார்த்துவிட்டு, "ஒரு கல்லு இல்ல, சுத்தமா கீது, ஒலையில போட்டுடலாம்" என்று எழுந்தாள்.

"இரு ஆயா" என்றாள் கனகா.

வலது கண்ணில் ஒட்டு, மேலே புதுக் கண்ணாடி. குனிந்து பார்த்தாள். விரலை விட்டு, பச்சைப்பயறு நிறத்திலேயே இருந்த ஒரு பொடிக் கல்லை எடுத்தாள். அப்புறம் இன்னொன்று. மூன்றாவது ஒன்று. மூன்றையும் ஆயாவின் உள்ளங்கையில் வைத்தாள்.

கன்னியம்மா கையைக் கிட்டே கொண்டுபோய்ப் பார்த்தாள். தூரமாக வைத்துப் பார்த்தாள். விரலால் தடவிப் பார்த்த பிறகுதான் அவளுக்குக் கல் என்று தெரிந்தது.

கனகா இடுப்பில் கையை வைத்துக்கொண்டு அவளை மேலும் கீழும் பார்த்தாள்.

"ஆயா, உனுக்குக் கண்ணே தெர்ல. கோட்டுல போய் நில்லு. நான் தோச காட்டறேன்."

உலை கொதித்துக்கொண்டிருந்தது. கன்னியம்மா அடுப்பைத் தணித்துவிட்டு, ஹாலில் அவள் காட்டிய இடத்தில் போய் நின்றாள்.